மூன்று கோட்டு ஆறு

1. போர்வைக்குள் திரும்பிப் போன போர்ட்

கிமுரா போர்வையை விலக்கி நாங்கள் செய்த பெயர்ப் போர்ட்டைப் பார்த்தார். பிறகு அதே போர்வையை இழுத்து அதை மூடிவிட்டு, "இது வேண்டாம்" என்றார்.

தொண்ணூறுகளின் நடுப்பகுதி. ஸ்காபரோவில், வெக்ஸ்போர்ட் பக்கத்து பிளாசா ஒன்றின் பின்புறத்தில் ராசன் அண்ணையின் சைன் கடை இருந்தது. பிறஷ் பிடித்து எழுதும் வேலைக்கெல்லாம் நான் பொறுப்பு. யாழ்ப்பாணத்தில் கடைப் பெயர்ப்பலகை எழுதிப் பழகியவன். இங்கே வந்தும் அதே தொழில் கிடைத்தது. பலகை அறுப்பது, தேய்ப்பது, பிரைமர் அடிப்பது, ஏணியில் ஏறிப் போர்ட் பூட்டுவது எல்லாம் செல்வா. அவனுக்கு முப்பது வயதிருக்கும். மனைவி முந்திய வருடம்தான் ஸ்பொன்சரில் வந்திருந்தார். இப்போது ஒரு கைக்குழந்தை.

கிமுரா ஜப்பானியர். மிசிசாகாவில், விமான நிலையத்துக்கு அண்மையில், உணவகம் ஒன்று திறக்கவிருந்தார். அடுத்து மார்க்கத்தில் ஒன்று, டவுன்ரவுனில் ஒன்று. முதல் போர்ட் பிடித்தால் மற்ற இரண்டையும் எங்களுக்கே தருவதாகச் சொல்லியிருந்தார். இந்த ஊரில் பனி கொட்டத் தொடங்கினால் வெளியே பூட்டும் போர்ட்டுக்கு யாரும் வரமாட்டார்கள். ராசன் அண்ணை ஒருநாள் சாப்பாட்டு நேரத்தில் அதை ஒளிவுமறைவு இல்லாமல் சொன்னார்.

"மூண்டு போர்ட்டும் கிடைச்சால் ரெண்டு பேரையும் விண்டர் முழுக்க வைச்சிருப்பன். இல்லாட்டி ஒராளை லே ஓஃப் பண்ணத்தான் வேணும். ஆரெண்டு நான் சொல்லத் தேவையில்லை."

"சொல்லாதேங்கோ அண்ணை" என்றான் செல்வா. "இப்பத்தான் ரெண்டு வாய் வைச்சனான்."

உணவகத்தின் பெயர் 'கவா'. ஜப்பானிய மொழியில் ஆறு என்று பொருள். எழுத்து ஒன்றே ஒன்று: மேலிருந்து கீழே மூன்று கோடுகள். இடது கோடு நுனியில் வெளிப்பக்கம் வளையும். நடுக்கோடு குட்டையானது. வலதுகோடு நீளமாக இறங்கும். கிமுராவின் மாமா கியோத்தோவிலிருந்து அதை எழுதி அனுப்பியிருந்தார். நான் எங்கள் வழக்கப்படியே செய்தேன். புரொஜெக்டரில் போட்டுப் பெருப்பித்து, சீடர் மரப் பலகையில் விளிம்பைப் பென்சிலால் எடுத்து, கறுப்பு எனாமலால் நிரப்பினேன். மாமாவின் கடைசிக் கோட்டில், கீழ்ப்பாதியில், மை போதாமல் வெள்ளை வெள்ளையாகக் கீற்றுகள் விழுந்திருந்தன. அவற்றை அடைத்துவிட்டேன். நடுக்கோடு சற்றுச் சாய்ந்திருந்தது. அதையும் மட்டம் வைத்து நிமிர்த்தினேன். எந்த நல்ல சைன்காரனும் இதைத்தான் செய்வான். வாடிக்கையாளர் கொண்டுவரும் குறையை அவருக்குச் சொல்லிக் காட்டாமல் திருத்திக் கொடுப்பது எங்கள் தொழிலில் ஒரு மரியாதை.

கிமுராவோடு பேசியதெல்லாம் ஆங்கிலத்தில்தான். எங்கள் பேச்சில் எழுதினால் இப்படி வரும்:

"மாமா ஒரு கிழமையா எழுதி, அதுக்குள்ளை இந்த ஒண்டைத்தான் தெரிஞ்சு அனுப்பினவர். நீங்கள் அவர் விட்டுவைச்ச இடத்தையெல்லாம் அடைச்சுப் போட்டியள்."

"மை முடிஞ்ச இடம்தானே அது?" என்றேன்.

"இல்லை. உங்கட போர்ட் எழுதினது இல்லை. படம் மாதிரிக் கீறினது."

கோபமாகச் சொல்லியிருந்தால் பதில் சொல்லியிருப்பேன். அவர் இரங்கிச் சொன்னார். கடை திறக்க இன்னும் நாள் இருக்கிறது, ஆனால் வேறு இடத்திலும் கேட்டுப் பார்ப்பேன் என்று சொல்லிவிட்டுப் போனார். மாமாவின் தாளை மட்டும் எங்களிடம் விட்டுச் சென்றார்.

2. அந்தரத்தில் நின்ற கை

சிங்கப்பூரில் என் தங்கையின் மகளுக்குக் கலியாணம். டிக்கெட் முன்பே எடுத்தாகிவிட்டது. திரும்பும் வழியில் டோக்கியோவில் இரண்டு நாள் தங்கிவர வேண்டும். ராசன் அண்ணை அதைப் பிடித்துக்கொண்டார்.

"அங்கை சும்மா படுத்துக் கிடக்காமல் போய் உது என்னெண்டு பார்த்துக்கொண்டு வாரும். அவையள் எழுதுறதுக்கும் நாங்கள் எழுதுறதுக்கும் என்ன வித்தியாசமெண்டு எனக்கும் தெரியவேணும்."

டோக்கியோ விடுதிக்காரர் பிறஷால் எழுதப் பழக்கும் ஒரு வகுப்பைச் சொன்னார். பயணிகளுக்கென்று பிற்பகலில் நடத்துவது. ஒரு கடையின் மாடியில், பாய் விரித்த அறை. அவுஸ்திரேலியத் தம்பதி ஒன்று, பிறகு நான். ஆசிரியையின் பெயர் அயாகோ. என்னைவிடப் பதினைந்து வயதாவது இளையவர். ஆங்கிலத்தைச் சிக்கனமாகச் செலவழித்தார்.

முதல் வேலை முழங்காலை மடித்து இருப்பது. அவுஸ்திரேலியர் உடனே தோற்றுக் காலை நீட்டிவிட்டார். எனக்கு வலித்தது, ஆனால் அவருக்கு முன் நீட்டக்கூடாது என்று இருந்துவிட்டேன். அடுத்து கல்லில் சிறிது தண்ணீர் விட்டு மைக்கட்டியைத் தேய்க்க வேண்டும். கறுப்பு திரண்டு வரும்வரை வேறு எதுவும் கிடையாது. பெயின்ற் கலக்கிப் பழகிய எனக்கு அது இலகுவாக வந்தது. அயாகோ என் மையைப் பார்த்துத் தலையசைத்தார். இதில் நான் தேறிவிடுவேன் என்று நினைத்துக்கொண்டேன்.

பிறஷைக் கையில் எடுத்ததும் நினைப்பு மாறியது. எங்கள் தொழிலில் ஒரு தடி உண்டு. நுனியில் துணி உருண்டை கட்டி, அதைப் போர்ட்டில் சாய்த்து, மணிக்கட்டை அதன்மேல் தாங்குவோம். கோடு நடுங்காது. இங்கே தடியும் இல்லை, மேசையில் கை முட்டவும் கூடாது. பிறஷைச் செங்குத்தாகப் பிடித்து, முழுக் கையும் அந்தரத்தில் நிற்க, தோளிலிருந்து எழுத வேண்டும். 'கவா' எழுதவேண்டும் என்று கேட்டேன். அயாகோ முன்மாதிரி எழுதித் தந்தார்.

நான் மூன்று கோட்டையும் இறக்கினேன். வலதுகோட்டின் ஒரு பக்கம் சற்றுப் பள்ளமாக இருந்தது. கை தானாகவே திரும்பிப் போய் அதை நிரப்பப் போனது. அயாகோ தன் கையைத் தாளின் மேல் வைத்தார்.

"இல்லை. ரெண்டாம் தரம் இல்லை."

"கொஞ்சம்தான். ஒரு தொடுகை."

"ஒரு தொடுகையும் இல்லை. புதுத் தாள்."

புதுத் தாளிலும் அதே கதை. நான் திருத்தப் போகப் போக அவர் தாளை உருவிக்கொண்டார். பிறகுதான் கேட்டார், நான் என்ன தொழில் செய்கிறேன் என்று. சொன்னேன்.

"அதுதான் கோடு இவ்வளவு நேராக இருக்குது" என்றார். அது பாராட்டு இல்லை என்பது எனக்கே விளங்கியது.

அங்கே ஒரு வழக்கம் உண்டு. ஆசிரியர் செம்மஞ்சள் மையோடு வருவார். மாணவன் எழுதியதன் மேலேயே தன் கோட்டை எழுதிக் காட்டுவார். நன்றாக வந்த இடத்தைச் சுற்றி வட்டம் போடுவார். அவுஸ்திரேலியப் பெண்ணின் தாளில் வட்டம் விழுந்தது. என்னுடைய நல்ல தாள்களில், அதாவது நான் நல்லது என்று நினைத்தவற்றில், ஒன்றும் விழவில்லை. கடைசியில் முழங்கால் மரத்துப்போய், மை தொட மறந்து, கடைசிக் கோட்டை ஒரே இழுப்பில் இழுத்துவிட்டேன். கீழே வரவர வறண்டு கீற்றுக் கீற்றாகப் போனது. பழுது என்று தாளை மடிக்கப் போனேன். அயாகோ அதைப் பிடுங்கி, அந்த வறண்ட இடத்தைச் சுற்றிப் பெரிய வட்டம் போட்டார்.

"இங்கை உங்கட கை எவ்வளவு கெதியாப் போனதெண்டு தெரியுது. எங்கை நிண்டதெண்டும் தெரியுது. அடைச்சால் ஒண்டும் தெரியாது."

கிமுராவின் மாமா விட்டுவைத்த இடம் எதுவென்று அப்போது தெரிந்துகொண்டேன். எழுந்து நடக்க முடியாமல் சுவரைப் பிடித்துக்கொண்டு படி இறங்கினேன். மனம் மட்டும் நல்ல தெளிவாக இருந்தது.

3. மரண அறிவித்தலின் மேல் ஓடிய ஆறு

கடைக்குத் திரும்பியதும் ராசன் அண்ணை கேட்டார்: "என்ன வித்தியாசம்?"

"அவையள் திரும்பித் தொடமாட்டினம்."

"அவ்வளவுதானோ?"

"அவ்வளவுதான். ஆனால் அது எனக்கு வரேல்லை அண்ணை. வரப்பண்ணுறன்."

எனாமல் தடிப்பான பொருள். அது மை போல வறளாது. தின்னர் கூடினால் பலகையில் ஓடிவிடும், குறைந்தால் கீற்று விழாது. அளவைக் கண்டுபிடிக்கக் கொஞ்ச நாள் பிடித்தது. கதவளவு பலகைக்கு ஏற்ற பிறஷும் எங்களிடம் இல்லை. செல்வாதான் அதற்கு வழி கண்டான். சுவர்த்தாளுக்குப் பசை பூசும் மெல்லிய மயிர் பிறஷுகளின் பிடியைக் கழற்றி, மயிரைச் சேர்த்து, மண்வெட்டிப் பிடி ஒன்றில் கம்பியால் இறுக்கிக் கட்டிக் கொண்டுவந்தான்.

"அண்ணை, இதாலை எழுதவும் ஏலும், முற்றமும் கூட்ட ஏலும்."

பழகுவதற்குத் தாள்? தமிழ்க் கடைகளில் இலவசமாக அடுக்கி வைத்திருக்கும் வாரப் பத்திரிகைகளில் மிஞ்சியவற்றைச் செல்வா கட்டுக் கட்டாகத் தூக்கி வந்தான். தரையில் விரித்து, காலுறையோடு நின்று, தோளிலிருந்து எழுதினேன். வீடு விற்பனை விளம்பரத்தின் மேலும், பூப்புனித நீராட்டு விழாப் படத்தின் மேலும் ஆறு ஓடியது.

"ஐயோ அண்ணை, இவர் எங்கட ஊர் மனுசன்" என்று மரண அறிவித்தல் பக்கம் ஒன்றைத் தூக்கிப் பிடித்தான் செல்வா. "நேற்றுத்தான் அந்தியேட்டிக் கிரியை. அதுக்குள்ளை ஆத்திலை விட்டிட்டியள்."

சிரித்தோம். ஆனால் இரண்டு பேருக்கும் நாள் குறைவது தெரியும். பழைய பலகையை அவன் தேய்த்து, வெறும் மரமாக்கி, சீலர் அடித்து, சுவரோரம் சாய்த்து வைத்திருந்தான். தினமும் துணியால் தூசு தட்டுவான். எப்போது எழுதப் போகிறேன் என்று மட்டும் கேட்கவே மாட்டான்.

4. துணி

முதல் பனி தூவிய ஒரு காலை கிமுரா வந்தார். மேல்கோட்டைக் கழற்றவில்லை.

"மாமாவின்ர தாளை எடுக்க வந்தனான். வேற ஆக்கள் மெஷினிலை வெட்டித் தருவினம். கீற்றெல்லாம் அப்படியே வருமாம்."

ராசன் அண்ணை என்னைப் பார்த்தார். செல்வா நிலத்தைப் பார்த்தான்.

"தாளைக் கொண்டுபோங்கோ" என்றேன். "அது உங்கட மாமா எழுதினது. அதை ஆர் வெட்டினாலும் மறுபடி கீறினதுதான். நான் என்ரையை எழுதிறன். நிண்டு பாருங்கோ. சரியில்லாட்டி நீங்கள் மெஷின்காரரிட்டைப் போங்கோ."

செல்வாவிடம் பலகையை நிலத்தில் கிடத்தச் சொன்னேன். எனாமலைக் கலக்கினேன். கிமுரா மேல்கோட்டின் பொத்தானைக் கழற்றினார்.

முதல் கோடு இறங்கி வெளியே வளைந்தது. நல்லது. நடுக்கோட்டுக்குக் கை போனபோது ஓரத்தில் செல்வாவின் சப்பாத்து கண்ணில் பட்டது. அந்த ஒரு கணம் கை கனத்தது. கோடு வந்தது, ஆனால் இறுகி வந்தது. மூன்றாவதற்கு மூச்சை இழுத்துக்கொண்டு, சப்பாத்தையும் விண்டரையும் மறந்து, மேலிருந்து ஒரே போக்கில் இறக்கினேன். பாதியில் பெயின்ற் வறண்டு மரத்தின் நிறம் கீற்றுக் கீற்றாகத் தெரிந்தது. பிறஷைத் தூக்கும்போது கோட்டின் அடியில் ஒரு சொட்டு விழுந்தது.

செல்வா தின்னர் துணியோடு குனிந்தான். அவன்மேல் பிழை இல்லை. சொட்டு விழுந்தால் காயமுன் துடைப்பது அவன் வேலை, நான்தான் அவனுக்குப் பழக்கியது.

"தொடாதை" என்று நான் சொன்ன அதே நேரத்தில் "தொட வேண்டாம்" என்று கிமுராவும் சொன்னார். இரண்டு பேரும் இரண்டு மொழியில் சேர்ந்து கத்தியதில் செல்வா துணியை நெஞ்சோடு பிடித்துக்கொண்டு நின்றான்.

கிமுரா பலகையைச் சுற்றி ஒருமுறை நடந்தார். கால்மாட்டில் குந்தி நடுக்கோட்டைக் காட்டினார்.

"இதிலை கொஞ்சம் பயம் இருக்கு."

"ஓம்" என்றேன். மறுக்க ஒன்றுமில்லை. இருந்தது உண்மை.

அவர் எழுந்தார். மேல்கோட்டின் பொத்தான்களை ஒவ்வொன்றாகப் போட்டார்.

"மார்க்கம் போர்ட்டிலையும் டவுன்ரவுன் போர்ட்டிலையும் அந்தப் பயம் வேண்டாம்."

அவர் என்ன சொன்னார் என்று எனக்கு விளங்கச் சற்று நேரம் எடுத்தது. செல்வாவுக்கு முதலிலேயே விளங்கிவிட்டது. துணியை மடித்து வாளியின் விளிம்பில் போட்டுவிட்டு, வீட்டுக்கு ஃபோன் எடுக்க ஒஃபிஸ் அறைக்குப் போனான். கதவைச் சாத்த மறந்துபோனான். "விண்டருக்கும் வேலை இருக்கு. பிள்ளைக்கு அந்தத் தடிச்ச ஜக்கெட்டை வாங்கு" என்று அவன் சொன்னது எங்கள் எல்லோருக்கும் கேட்டது.

5. நான் கேட்கும் கேள்வி

இதற்குப் பிறகு நான் தடியை எறிந்துவிடவில்லை. பல் வைத்தியரின் போர்ட்டும் வரிக் கணக்காளரின் போர்ட்டும் தடி பிடித்து, மட்டம் வைத்து, விளிம்பு எடுத்துத்தான் செய்தேன். அவை அப்படித்தான் இருக்கவேண்டும். வறண்ட கீற்றோடு போர்ட் வைத்த பல் வைத்தியரிடம் யாரும் வாயைத் திறக்கமாட்டார்கள்.

ஆனால் புது வாடிக்கையாளர் வந்தால், அளவையும் நிறத்தையும் பற்றிக் கேட்பதற்கு முன் ஒரு கேள்வி கேட்பேன்: "இது உங்களுக்குக் கீறவேணுமோ, எழுதவேணுமோ?" பாதிப் பேர் முழிப்பார்கள். இரண்டு மாதிரியையும் காட்டினால் உடனே தெரிந்துகொள்வார்கள். இந்தத் தொழிலுக்கு வருகிறவர்களுக்கு நான் சொல்லக்கூடியது இதுதான். திருத்துவது ஒரு திறமை. எதைத் திருத்தக்கூடாது என்று வேலை தொடங்குமுன் கேட்டு அறிவது இன்னொரு திறமை. முதலாவது எனக்கு யாழ்ப்பாணத்திலேயே கைவந்தது. இரண்டாவதற்கு முழங்காலை மடிக்க வேண்டியிருந்தது.

மிசிசாகா போர்ட்டைப் பூட்டியது செல்வா. ஏணியில் நின்றபடி அந்தச் சொட்டைக் காட்டி, "அண்ணை, கீழை நிண்டு பார்க்கிற ஆக்கள் இதைக் குருவி எச்சமெண்டு நினைப்பினம்" என்றான்.

"நினைக்கட்டும்" என்றேன். "நீ தொடாதை."