ஆள் நிற்கும் தூரம்

மங்களாம்பிகைக்கு இரண்டு வயதில் போலியோ வந்து இரண்டு காலும் சூம்பிவிட்டன. இப்போது முப்பத்தெட்டு நடக்கிறது. திருவிடைமருதூருக்குக் கிழக்கே எங்கள் ஊர் பஸ் ஸ்டாப்பில் மோட்டார் வைத்த தையல் மிஷின் போட்டிருக்கிறாள். அடுத்த கடை என்னுடைய வெல்டிங் பட்டறை. நான் படித்தது ஆறாவது. தப்பு இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

அவள் அம்மா ராமாயி நடவுக்குப் போகிறவள். பிள்ளையை வீட்டில் விட ஆளில்லாமல் வரப்பில் கொண்டுவந்து உட்கார வைப்பாள். உட்கார்ந்த இடத்திலிருந்து நாற்று முடிகளை, அதாவது கட்டிவைத்த நாற்றுக் கட்டுகளை, எடுத்து நடுகிறவர்களுக்கு வீசுவது மங்களத்தின் வேலை. பார்க்க லேசாகத்தான் இருக்கும். குனிந்து நடுகிற பெண்கள் நிமிர மாட்டார்கள். அவரவர் இடது கை எட்டுகிற இடத்தில், வேர் கீழே இருக்கும்படி முடி விழ வேண்டும். தள்ளிப் போனால் எடுக்க நடக்க வேண்டும். ரொம்பக் கிட்டே விழுந்தால் முகமெல்லாம் சேறு.

"ஏண்டி, நான் என்ன சேறு பூசிக்கவா வந்தேன்?" என்று ராமாயி கத்துவாள்.

"குளிக்கத்தானே போறே, பூசிக்க" என்பாள் மகள்.

பத்து வயதுக்குள் கை பழகிவிட்டது. யார் எங்கே நின்றாலும் முடி அவர்கள் பக்கத்தில் போய் விழும்.

வாய்க்காலில் தண்ணீர் வந்தால் கையை மட்டும் வைத்து நீந்துவாள். அதைப் பார்த்த மாற்றுத்திறனாளிகள் சங்கத்துக்காரர் ஒருவர் தஞ்சாவூர் போட்டிக்கு அழைத்துப் போனார். மாவட்ட நீச்சலில் மூன்று வருஷம் முதலிடம். மாநிலத்தில் நாலாவது. அணிக்கு மூன்று பேரைத்தான் எடுத்தார்கள். அடுத்தது பெஞ்சில் படுத்து எடை தூக்குவது. அதிலும் மாநிலம் வரை போனாள், தோள்பட்டை கெட்டது. இனிமேல் எடையைத் தொடக் கூடாது என்றார் டாக்டர். வட்டு எறிவதைப் பற்றி அவர் ஒன்றும் சொல்லவில்லை. நாங்களும் கேட்கவில்லை.

"எதுக்கும்மா இவ்வளவு அலைச்சல்?" என்று ஒருநாள் கேட்டேன்.

"முதுகுல தமிழ்நாடுன்னு போட்ட சட்டை ஒண்ணு வேணும்ணே."

"நீதான் டெய்லராச்சே, தைச்சுப் போட்டுக்க."

"நான் தைக்காத சட்டை வேணும்."

பழைய டிரெய்லர் குழாயை அறுத்து, உட்கார்ந்து எறிய ஒரு நாற்காலி செய்து கொடுத்தேன். தொடையை வாரால் கட்டிக்கொள்ள வேண்டும். எறியும்போது இடுப்பு எழும்பினால் அந்த வீச்சு செல்லாது. அறுப்பு முடிந்த வயலில் சாயங்காலம் பழகுவாள். பதினாறு மீட்டரில் நான் கோடு கிழித்து நின்றுகொண்டு வட்டைப் பொறுக்கி வருவேன். எப்போதும் என் செருப்பை ஒட்டியே வந்து விழும். எனக்குப் பெருமையாகத்தான் இருந்தது.

போன பிப்ரவரியில் திருச்சியில் அணித் தேர்வு. பதினைந்து மீட்டர் எறிந்தால் சட்டை. தொடர்ந்து மூன்று வீச்சு.

"இந்த வருஷம் விட்டா தோள் தாங்காதுண்ணே" என்று போகும்போதே சொல்லியிருந்தாள்.

முதல் வீச்சு பன்னிரண்டு மீட்டர் பத்து. இரண்டாவது பன்னிரண்டு பதினாலு. நான் கயிற்றுக்கு வெளியே நின்றிருந்தேன். காற்றா, நாற்காலியா, என் வெல்டிங்கில் ஏதும் கோளாறா என்று ஒன்றும் விளங்கவில்லை.

அவள் வட்டை மடியில் வைத்துக்கொண்டு, விழுந்த இடத்தைக் குறிக்கக் கொடியோடு நின்ற ஆபீசரையே பார்த்தாள். வெள்ளைத் தொப்பி போட்ட கனத்த மனிதர். பன்னிரண்டு மீட்டர் பக்கத்தில் நின்றார். பிறகு என் பக்கம் திரும்பிச் சிரித்தாள்.

"அண்ணே, நடவாளு கிட்டக்க நிக்குது."

எனக்கு அப்போதுதான் உறைத்தது. சின்ன வயதிலிருந்தே ஆள் நிற்கிற இடம் பார்த்து வீசிய கை. தூரம் அதற்குத் தெரியாது.

"சார், கொஞ்சம் பின்னால போயி நில்லுங்களேன்" என்றாள் அவரிடம்.

"ஏம்மா, என் மேல போட்டுருவியா?"

"போட மாட்டேங்க. நீங்க நிக்கிற எடத்துக்குத்தான் என் கை போவுது."

அவருக்கு என்ன புரிந்ததோ, கொடியைக் கக்கத்தில் வைத்துக்கொண்டு ஐந்து எட்டு எடுத்து வைத்துப் பின்னால் போனார். வட்டு அவர் ஷூவுக்கு ஒரு சாண் முன்னால் விழுந்தது. பதினைந்து மீட்டர் நாற்பத்திரண்டு. இடுப்பு எழும்பவில்லை.

"இன்னும் ரெண்டு எட்டு போயிருக்கலாமோ" என்றார் டேப்பைச் சுருட்டிக்கொண்டே.

ஏப்ரலில் சட்டை வந்தது. முதல் வேலையாக உள்பக்கம் திருப்பித் தையலைப் பார்த்தாள்.

"ஓரம் அடிச்ச ஓவர்லாக் தையல் மட்டம்ணே."

போட்டுப் பார்த்தால் தோளில் இரண்டு விரல் தொங்கியது. "புடிச்சுத் தைச்சுக்கயேன், அஞ்சு நிமிஷ வேலை" என்றேன்.

"நான் கை வெச்சா அது நான் தைச்ச சட்டையாயிடும்."

அன்று சாயங்காலம் அந்தச் சட்டையோடுதான் வயலுக்கு வந்தாள். நான் வழக்கம்போல என் கோட்டில் போய் நின்றேன்.

"அங்க இல்லண்ணே. மடைகிட்ட போங்க."

வயலுக்குத் தண்ணீர் பாயும் மடை அவள் நாற்காலியிலிருந்து பதினெட்டு மீட்டர் இருக்கும். போய் நின்றேன்.