அல்கிஸ்தி என்ற பெயரும் ஒரு பயந்தாங்கொள்ளியும்

எங்கள் வெலெஸ்தீனோ ஊரில் என்னைவிடப் பெரிய பயந்தாங்கொள்ளி யாராவது இருந்தால் காட்டுங்கள். பல்லிக்குப் பயம், இடிக்குப் பயம், ஊசிக்கு மகா பயம். பிழைப்போ கார் ஓட்டக் கற்றுக்கொடுப்பது. பயிற்சி வண்டியில் என் பக்கம் தனியாக ஒரு பிரேக் உண்டு. அதன் மேலிருந்து என் கால் எழுந்ததே கிடையாது. என்னிடம் படித்தவர்கள் லைசென்ஸ் வாங்கிய பிறகுதான் கார் இவ்வளவு வேகமாக ஓடும் என்பதையே தெரிந்துகொள்கிறார்கள். இப்பேர்ப்பட்ட எனக்கு வைத்த பெயர் அல்கிஸ்தி.

அந்தப் பெயருக்கு வலிமை என்று பொருள். சும்மா பாரம் தூக்குகிற வலிமை இல்லை, அடுத்தவருக்கு வரும் ஆபத்தைக் குறுக்கே நின்று தடுக்கிற வலிமை. எங்கள் ஊருக்கு ஃபெராய் என்று பெயர் இருந்த காலத்தில் இங்கே அத்மிதோஸ் என்று ஒரு ராஜா. அவனுக்குச் சாவு நெருங்கியது. அப்போலோ தெய்வம் அவனுக்கு வேண்டப்பட்டவர். விதியின் தேவதைகளுக்கு நன்றாக ஊற்றிக் கொடுத்து ஒரு சலுகை வாங்கி வந்தார். ராஜாவுக்குப் பதிலாக வேறு யாராவது சாகச் சம்மதித்தால் ராஜா பிழைக்கலாம்.

ராஜா ஒவ்வொருவரிடமும் கேட்டுப் பார்த்தான். நண்பர்களுக்கெல்லாம் திடீரென்று வேலை வந்துவிட்டது. கிழட்டு அப்பா, உயிரோடு இருந்து வெயில் காய்வது தனக்கும் பிடித்திருக்கிறது என்று சொல்லிவிட்டார். கடைசியில் மனைவி அல்கிஸ்திதான் நான் போகிறேன் என்று சொல்லிச் செத்துப்போனாள். அன்று விருந்தாளியாக வந்து சேர்ந்த ஹெர்குலிஸ் கல்லறைக்கே போய்ச் சாவோடு மல்லுக்கட்டி அவளை மீட்டு வந்தான் என்பதால் கதை சுபமாக முடிகிறது. ராஜாவுக்கு ஒரு கீறல்கூட இல்லை.

முறைப்படி பார்த்தால் எனக்கு அப்பாவின் அம்மா பெயரைத்தான் வைத்திருக்க வேண்டும். ஆனால் ஞானஸ்நானத் தொட்டியருகே நின்று பெயரைச் சொல்கிற உரிமை ஞானத்தகப்பனுடையது. என் ஞானத்தகப்பன் த்ரிஃபோனஸ் சாராயக்கடை நடத்தியவர், ஊர்ப்பெருமை தலைக்கேறியவர். பாதிரியார் கேட்டதும் கணீரென்று அல்கிஸ்தி என்றார்.

"அப்படி ஒரு புனிதையே கிடையாதேப்பா" என்றார் பாதிரியார்.

"அதுக்கு நான் என்ன சாமி பண்றது? ஊருக்கே ராணியா இருந்தவ. அவ பேர ஊர்ல ஒருத்திக்குக்கூட வைக்கலன்னா நல்லாவா இருக்கு?"

பாதிரியார் பல்லைக் கடித்துக்கொண்டு, கூடவே பரஸ்கேவி என்று ஒரு புனிதையின் பெயரையும் ஒட்டவைத்து என்னை முக்கி எடுத்தார். வழக்கப்படி கோயிலுக்கு வெளியே காத்திருந்த அம்மாவிடம் பெயரைச் சொல்லிக் காசு வாங்கப் பிள்ளைகள் ஓடினார்கள். பிள்ளைகள் கேலி செய்கிறார்கள் என்று நினைத்த அம்மா காசு கொடுக்காமல் விரட்டிவிட்டாள். கூப்பிடுகிற பெயருக்குப் புனிதை இல்லை என்பதால், அவரவர் பெயருக்குரிய புனிதரின் நாளில் கொண்டாடுகிற பெயர்த் திருநாளும் எனக்கென்று கிடையாது. அனைத்துப் புனிதர் ஞாயிறன்று மற்ற அநாதைப் பெயர்களோடு சேர்ந்து நானும் கொண்டாட வேண்டும். யாருக்கும் ஞாபகம் இருப்பதில்லை. கேக்கை நானே வாங்கி நானே தின்பேன்.

கல்யாணத்திலும் மானம் போயிற்று. 'மனைவி கணவனுக்கு அஞ்சி நடக்கட்டும்' என்று பாதிரியார் வாசிக்கும்போது, மணப்பெண் மாப்பிள்ளையின் காலை ஓங்கி மிதிக்க வேண்டும். அதைப் பார்க்கத்தான் பாதிக் கூட்டம் வருகிறது. நான் பதற்றத்தில் கண்ணை மூடிக்கொண்டு மிதித்தேன். அலறியது பாதிரியார்.

மாப்பிள்ளை ஸ்தமாத்திஸ் என் காதருகே குனிந்தார். "நீ எனக்குப் பயப்பட வேணாம். சாமி இனிமே உனக்குப் பயப்படுவாரு."

டிராக்டர் பழுதுபார்க்கிற அந்த மனிதரை எனக்கு அன்றைக்கே ரொம்பப் பிடித்துப்போனது.

எங்களுக்குப் பிள்ளைகள் இல்லை. இரண்டு பேரும் ஒருவரையொருவர் கிண்டல் செய்தே ஐம்பதைத் தாண்டினோம். அப்புறம்தான் அவருக்கு இரண்டு சிறுநீரகங்களும் போயின. வாரத்தில் பாதி நாள் வோலோஸுக்குப் போய் டயாலிசிஸ் செய்துகொண்டு, சக்கையாகத் திரும்பி வருவார். என் மாமியார் ஹரிக்லியா முதல் ஆளாகப் போய், என்னுடையதை எடுத்துக்கொள்ளுங்கள் என்று கேட்டாள். வயதைக் காரணம் காட்டி அவளைத் திருப்பி அனுப்பிவிட்டார்கள். பொருத்தம் இருந்தால் மனைவியும் கொடுக்கலாம் என்று டாக்டர் சொன்னபோது நான் ஜன்னலில் உட்கார்ந்திருந்த புறாவைப் பார்த்துக்கொண்டிருந்தேன். அவ்வளவு கவனமாக நான் வேறு எந்தப் புறாவையும் பார்த்ததில்லை.

பிப்ரவரியில் அவருடைய பெயர்த் திருநாள் வந்தது. அதற்கு யாரையும் அழைப்பதில்லை, கதவைத் திறந்து வைத்தால் ஊரே வந்துவிடும். வந்தவர்களுக்கு நான் சீமைமாதுளை இனிப்பைக் கிண்ணங்களில் வைத்து நீட்டிக்கொண்டிருந்தேன். மாமியார் எல்லோருக்கும் கேட்கிற மாதிரி ஆரம்பித்தாள்.

"என்னோடத வேணான்னுட்டாங்க. அதனால என்ன, வீட்லயே ஒரு அல்கிஸ்தி இருக்கா. அந்தப் பேர வச்சிருக்கவகிட்ட போய் கேக்கணுமா?"

"அம்மா, நீ சும்மா இரு" என்றார் ஸ்தமாத்திஸ். "இவ ஊசியப் பாத்தாலே மயங்கி விழுறவ."

கூட்டம் சிரித்தது. எனக்கு ரோஷம் பொத்துக்கொண்டு வந்தது. "யாரு மயங்கி விழுறது? நான் குடுக்குறேன்."

சிரிப்பு நின்றது. இரண்டு பேர் சிலுவை போட்டுக்கொண்டார்கள். மாமியார் என்னைக் கட்டிக்கொண்டு அழுதாள். நானும் அழுதேன். அவள் சந்தோஷத்தில் அழுதாள், நான் வாயைக் கொடுத்து மாட்டிக்கொண்டதற்கு அழுதேன்.

பரிசோதனைக்கு ரத்தம் எடுத்தார்கள். சொன்னபடியே மயங்கி விழுந்தேன். பொருத்தம் இருக்கக் கூடாது என்று மாமியாருக்குத் தெரியாமல் புனித பரஸ்கேவிக்கு ஒரு மெழுகுவர்த்தி ஏற்றினேன். பரஸ்கேவி கண் நோயைத் தீர்ப்பதில் பேர்போனவள், சிறுநீரகம் அவள் கவனிக்கிற இலாகா இல்லை போலும். கச்சிதமாகப் பொருந்திவிட்டது.

தெசலோனிக்கியில் பெரிய ஆஸ்பத்திரி. மறுநாள் காலை அறுவைச் சிகிச்சை. மனமார்ந்த சம்மதம்தானா என்று என்னைத் தனியாக உட்காரவைத்துக் கேட்டார்கள். ஊர் என்ன சொல்லும் என்ற பயம் கத்தி பயத்தைவிடக் கொஞ்சம் பெரிதாக இருந்ததால் ஆமாம் என்றேன். மத்தியானம் பார்த்தபோது கத்தி பயம் முந்திக்கொண்டிருந்தது. பையை எடுத்துக்கொண்டு, ஆஸ்பத்திரிச் செருப்போடு நழுவி, வாசலுக்கு எதிரே இருந்த பேருந்து நிறுத்தத்தில் போய் உட்கார்ந்தேன்.

கொஞ்ச நேரத்தில் ஸ்தமாத்திஸ் வந்தார். மேலே ஒரு கோட்டைப் போட்டுக்கொண்டு, கைப்பிடிச் சுவரைப் பிடித்துப் பிடித்து வந்து பக்கத்தில் உட்கார்ந்து மூச்சு வாங்கினார்.

"பஸ் இன்னும் வரலையா?"

"சும்மா காத்து வாங்க வந்தேன்."

"பையோடவா?"

நான் பையைக் காலுக்குப் பின்னால் தள்ளினேன்.

"நீ கிளம்பு" என்றார். "கடைசி நேரத்துல டாக்டரே ஒத்துவராதுன்னுட்டாருன்னு அம்மாகிட்ட சொல்லிக்கிறேன். உன்னப் பத்தி ஊர்ல ஒரு பேச்சு வராது. அத நான் பாத்துக்கிறேன்."

"அப்ப உங்க டயாலிசிஸ்?"

"அது பழகிப்போச்சு."

பழகவில்லை. ஒவ்வொரு முறை திரும்பி வந்ததும் செருப்பைக்கூடக் கழற்றாமல் கட்டிலில் விழுகிறவரை நான்தானே பார்க்கிறேன். எனக்கு அழுகை வந்துவிட்டது. அந்த ராஜா தன் மனைவியிடம் இப்படி ஒரு வார்த்தை சொன்னதாக எங்கள் ஊரில் யாரும் சொல்லி நான் கேட்டதில்லை. எங்கே அவள் மனம் மாறிவிடுவாளோ என்றுதான் அவன் பதறியிருப்பான். இந்த மனிதர் எனக்காக ஒரு பொய்யைத் தயார் செய்துகொண்டு, நடக்க முடியாமல் நடந்து இவ்வளவு தூரம் வந்திருக்கிறார்.

பேருந்து வந்து நின்று கதவு திறந்தது.

"ஏறுறீங்களாம்மா?" என்று கேட்டார் ஓட்டுநர்.

பயம் ஒரு துளியும் குறையவில்லை. எழுந்து ஸ்தமாத்திஸின் கையைப் பிடித்துக்கொண்டேன்.

"இல்லப்பா, நீ போ. நாங்க உள்ள போகணும்."