ஊருக்குச் சொன்ன மாரடைப்பு

ஆண்டவரில் அன்பான சகோதரங்களே, என் தம்பி ஜெரோம் மாரடைப்பால் இறந்தான் என்று போன வருடம் உங்கள் எல்லோரிடமும் சொன்னேன். அது பொய். அவன் தன் உயிரைத் தானே முடித்துக்கொண்டான்.

நான் தமிழ் படிப்பிக்கிறவன். பொய்யையும் இலக்கணப் பிழையில்லாமல் சொன்னேன். நெஞ்சு வலித்தது, வியர்த்தது என்று விவரமும் சேர்த்தேன். அதை நம்பிய என் வீட்டார் குடும்ப வியாதியாக இருக்கும் என்று பயந்து என் மீன் பொரியலை நிறுத்தினார்கள். கண்டியில் டாக்டரிடமும் இழுத்துப் போனார்கள். இதயத்தில் ஒன்றுமில்லை என்றார் அவர். படித்தவர்களும் தவறுவதுண்டு; பொய் அங்கேதான் கிடந்தது.

இறப்பதற்கு இரண்டு நாள் முன்பு தம்பி கட்டுகஸ்தோட்டையிலிருந்து போன் எடுத்தான். நித்திரையே வருவதில்லை என்றான். என் வகுப்பில் வந்து உட்கார், பாடம் தொடங்கியதும் வந்துவிடும் என்றேன். அவனும் சிரித்தான். அந்தச் சிரிப்போடுதான் ஒரு வருடம் இருந்தேன். அழ வரவில்லை. செபமாலையைப் பிடித்தால் அங்கேயும் மாரடைப்பு என்றே வாயில் வந்தது. கடைசியில் ஒன்றுதான் கேட்டேன்: ஆண்டவரே, ஒரே ஒரு ஆளிடமாவது உண்மையைச் சொல்ல வாய் தாரும்.

இறந்தோர் நினைவு நாளில் தம்பியின் கல்லறைக்குப் போனேன். காற்றில் என் மெழுகுதிரி நிற்கவில்லை. பக்கத்துக் கல்லறையில் மகளுக்காகச் செபித்துக்கொண்டிருந்த தெல்தோட்டை ரீட்டா அக்கா தன் திரியால் பற்றவைத்துத் தந்தார். தம்பிக்கு என்ன நடந்தது என்று கேட்டார். பழக்கத்தில் மாரடைப்பு என்றேன்.

அவர் மகளின் சிலுவையைத் துடைத்துக்கொண்டே சொன்னார்: "நாங்களும் அப்பிடித்தான் சேர் சொன்னோம். பத்தொம்பது வயசுப் புள்ளைக்கு மாரடைப்புன்னு."

என் வாய் திறந்தது.

"அக்கா, அவனாத்தான் போயிட்டான். ரெண்டு நாளைக்கு முன்ன என்கிட்ட பேசுனான். நான் சிரிப்புக்குப் பகிடி விட்டேன்."

அவர் சமாதானம் எதுவும் சொல்லவில்லை. "அழுங்க சேர். நான் இருக்கேன்," என்றார்.

அழுதேன். ஒரு வருடத்து அழுகை. அவரும் அழுதார். நான் கேட்டது ஒரு வாய். ஆண்டவர் ஒரு காதையும் சேர்த்துத் தந்தார். அவருக்கு நன்றி.

துக்கம் போகவில்லை. ஆனால் இப்போது தம்பியின் பெயரைச் சொல்லிச் செபிக்க முடிகிறது. யாராவது நித்திரை வருவதில்லை என்றால் பகிடி விடுவதில்லை. பக்கத்தில் உட்கார்ந்து கேட்கிறேன். தேவையென்றால் டாக்டரிடம் நானே கூட்டிப் போகிறேன்.

ஞாயிறு பூசை முடிந்ததும் நானும் ரீட்டா அக்காவும் கோவிலின் கடைசி வாங்கில் உட்கார்ந்திருப்போம். உங்கள் வீட்டிலும் ஊருக்கு ஒரு மாரடைப்புச் சொல்லியிருந்தால் வாருங்கள். ஆண்டவருக்கு உண்மை தெரியும். எங்களுக்குச் சொன்னால் போதும்.