பஸ்ஸில் வந்த பிள்ளைப்பூச்சி

திருக்கருகாவூர் அம்மனை நல்லபடியாகத் தரிசித்துத் திரும்புகிறேன். வலங்கைமானில் பஸ் நிற்கிறது. பக்கத்தில், பிள்ளை வரம் கேட்டு வந்த தம்பதி. துபாயிலிருந்து லீவில் வந்திருக்கும் அந்தத் தம்பியின் மடியில் ஒரு டப்பா. உள்ளே வெளுத்த பூச்சி ஒன்று மணலைத் தோண்டுகிறது.

"பாலைவன மணல்மேட்டுல பிடிச்சேங்க. அங்கயே அபூர்வமாத்தான் கண்ணுல படும்."

"நம்ம வயல் பிள்ளைப்பூச்சி மாதிரியே இருக்கு தம்பி. வாழைப்பழத்துல வச்சு முழுங்கினா குழந்தை பிறக்கும்பாங்க."

"ஊர்ப்பூச்சி முழுங்கியாச்சுங்க. கேக்கல." ஜன்னல் வழியே பழம் வாங்கி மனைவியிடம் நீட்டுகிறார். "இதையும் பாத்துடலாமே?"

அவள் பூச்சியைப் பார்க்கிறாள்.

"ரெண்டு வருஷத்துக்கு ஒரு மாசம் வர்றீங்க. பூச்சி என்ன பண்ணும்?"

அவர் டப்பாவை மூடிவிட்டுப் பழத்தை என்னிடம் தருகிறார். அவர்களுக்காக அம்மனை வேண்டிக்கொண்டு, உள்ளே ஒன்றுமில்லை என்று பார்த்துவிட்டு, சாப்பிடுகிறேன்.