எண்பது சங்கிலி தூரம்

தலைநிறைய எண்ணெயைத் தேய்த்துக்கொண்டு குற்றாலத்தில் அருவிக்கரைப் பக்கம் நின்றிருந்தபோதுதான் எனக்குச் செய்தி வந்தது. சாரல் நன்றாக விழுந்துகொண்டிருந்தது. தென்காசியிலிருந்து வந்து திரும்பிய பஸ்ஸின் கண்டக்டர், தெரிந்தவர், என்னைப் பார்த்ததும் வண்டியை நிறுத்தச் சொன்னார். "சார், ஆறுமுகநயினார் அண்ணாச்சி காலையில போயிட்டாவ" என்றார். நான் குளிக்கவில்லை. துண்டால் தலையை அழுத்தித் துடைத்துக்கொண்டு அந்த பஸ்ஸிலேயே ஏறிவிட்டேன். துஷ்டி வீட்டுக்கு எண்ணெய் வழிய வந்து நின்றவனை அன்று உங்களில் பலர் ஒரு மாதிரியாகப் பார்த்தீர்கள். அண்ணாச்சி எழுந்து உட்கார்ந்திருந்தால், "என்னவே, ஆளையே தாளிச்சுக் கொண்டாந்துட்டீரு" என்றிருப்பார். அவர் எழுந்திருக்கவில்லை.

அவரோடு பழகியவர்களுக்குத்தான் இதை எழுதுகிறேன். பழகாதவர்களுக்காக ஒன்றிரண்டு வார்த்தை. தாலுகா கச்சேரியில் எழுத்தராகச் சேர்ந்து, ரெவின்யூ இன்ஸ்பெக்டராகி, துணைத் தாசில்தாராக ஓய்வு பெற்றவர். கச்சேரி விட்டதும் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு மைதானத்துக்கு வந்துவிடுவார். அந்நாளில் எங்கள் விளையாட்டுக் கழகத்தின் காரியதரிசி அவர்தான், கல் பொறுக்குகிறவரும் அவர்தான், சுண்ணாம்புக் கோடு போடுகிறவரும் அவர்தான்.

அந்த மைதானமே அவர் மீட்டது. சர்க்கார் புறம்போக்கை ஒரு பெரிய மனிதர் வேலி போட்டு வளைத்து எள் விதைத்திருந்தார். அண்ணாச்சி முறைப்படி நோட்டீஸ் கொடுத்தார். கெடு முடிந்த அன்று நாங்களெல்லாம் கடப்பாரையோடு போய் நின்றால், அண்ணாச்சி வேலியைத் தொடவிடவில்லை. எள் இன்னும் முற்றவில்லையாம். "வெதச்சவன் எடுத்துக்கிடட்டும்வே, நெலம் எங்கன போயிரப்போவுது?" என்றார். அறுவடை முடிந்த மறுநாள் காலையில் முதல் கம்பைப் பிடுங்கியவர் அவரேதான். அந்தப் பெரிய மனிதரே பின்னால் எங்கள் போட்டிக்குத் தலைமை வகிக்க வந்தார்.

சீசன் நாட்களில் அவருக்குக் குற்றாலத்தில் டியூட்டி போடுவார்கள். பந்தாட்டத்துக்கு ஊதுகிற அதே விசிலைக் கழுத்தில் மாட்டிக்கொண்டு அருவிக்கரையில் நிற்பார். ஒருநாள் மலைமேல் நல்ல மழை. தண்ணீர் நிறம் மாறுவதற்குமுன் சருகு மிதந்து வந்ததைப் பார்த்துவிட்டு விசிலை ஊதி எல்லாரையும் வெளியே ஏற்றினார். பாதிக் குளியலில் ஏற்றிவிட்டாரே என்று வெளியூர்க்காரர் ஒருவர் வாயில் வந்தபடி ஏசினார். கொஞ்ச நேரத்தில் செம்மண் நிறத்தில் வெள்ளம் வந்தது. அண்ணாச்சி ஏசியவரிடம் அவர் விட்டுவந்த சோப்பு டப்பாவை எடுத்துக் கொடுத்துவிட்டு நகர்ந்தார்.

இதெல்லாம் நீங்கள் அறிந்ததுதான். இனி சொல்லப்போவதைத்தான் நீங்கள் அறியமாட்டீர்கள். அறிந்ததாக நினைத்துக்கொண்டிருக்கிறீர்கள்.

ஐம்பதுகளின் நடுவில் நான் தென்காசிப் பக்கம் நில அளவையராக வந்தேன். வேலைக்குச் சேர்ந்து ஒரு வருஷம்கூட ஆகவில்லை, நிரந்தரமும் ஆகவில்லை, கல்யாணம் மட்டும் ஆகியிருந்தது. அந்த வருஷம் ஒரு மைல் ஓட்டத்துக்குப் பண்பொழியிலிருந்து மாடசாமி என்ற இளைஞர் வந்திருந்தார். மேலிடத்தார் வைத்த நேரத்துக்குள் ஓடிவிட்டால் திருநெல்வேலித் தேர்வுக்கு அனுப்பலாம். அங்கே நன்றாக ஓடுகிறவர்களைப் போலீஸில் எடுத்துக்கொள்வதாகப் பேச்சு. மாடசாமிக்கு அந்தக் காக்கிச் சட்டைதான் கனவு. பண்பொழி சாலையில் மைல்கல்லுக்கு மைல்கல் அவர் ஓடியதை நாங்கள் கடிகாரத்தோடு பார்த்திருந்தோம். தவறவே தவறாது என்றிருந்தோம்.

மைதானத்தை அளந்து கோடு போடும் வேலை எனக்கு. நிலம் அளக்கிற இரும்புச் சங்கிலி அறுபத்தாறு அடி, நூறு கண்ணி. இருபது சங்கிலி ஒரு சுற்று, எண்பது சங்கிலி ஒரு மைல். பாறையிலும் முள்ளிலும் இழுபட்டால் வளையங்கள் விரிந்து சங்கிலி நீண்டுவிடும். அதனால் அளப்பதற்குமுன் கச்சேரி முற்றத்தில் ஊன்றியிருக்கும் இரண்டு கற்களுக்கு நடுவே அதைப் போட்டுச் சரிபார்க்க வேண்டும். அந்த வாரம் கிராமக் கணக்குகளைத் தணிக்கை செய்கிற ஜமாபந்தி. முற்றத்தில் பந்தல். இரண்டு கற்களின் மேலும் மனுக்காரர்கள் மனுவும் வெற்றிலையுமாக உட்கார்ந்திருந்தார்கள். அவர்களை எழுப்பச் சோம்பல்பட்டேன். "சரிபாத்தாச்சாவே?" என்று அண்ணாச்சி கேட்டார். "ஆச்சு அண்ணாச்சி" என்றேன்.

மாடசாமி முதலாவதாகத்தான் வந்தார். ஆனால் நேரம் இரண்டு விநாடி கூடிப்போயிருந்தது. அண்ணாச்சி கடிகாரத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். இரண்டு விநாடிதானே, குறைத்து எழுதிவிடலாம் என்று கமிட்டியில் எல்லாருமே சொன்னார்கள். நானும் சொன்னேன். அவர் சொன்னது எனக்கு அட்சரம் பிசகாமல் நினைவிருக்கிறது: "கடியாரத்த நான் திருத்துனேம்னா நாளைக்கு ஒருத்தனும் ஓடமாட்டான். எல்லாவனும் எங்கால்ல வந்து விழுவான்." மாடசாமி கோட்டுக்குப் பக்கத்தில் குனிந்தபடி மூச்சு வாங்கிக்கொண்டிருந்தார். அவர் பெயர் திருநெல்வேலிக்குப் போகவில்லை.

பந்தலைப் பிரித்த பிறகு சங்கிலியைக் கற்களுக்கு நடுவே போட்டுப் பார்த்தேன். கைப்பிடி கல்லைத் தாண்டி அரையடி போயிற்று. எண்பது சங்கிலிக்கு நாற்பது அடி. அந்த மனிதர் ஒரு மைலுக்கு மேல் நாற்பது அடி ஓடியிருக்கிறார். இரண்டு விநாடி அங்கேதான் போயிருந்தது.

போய்ச் சொன்னேன், அந்த மட்டும் மனிதனாக இருந்தேன். அண்ணாச்சி சங்கிலியைக் கையில் வாங்கி வளையங்களை விரலால் நெருடிப் பார்த்தார். பிறகு அவர் கேட்ட முதல் கேள்வி, "இந்தச் சங்கிலிய வச்சு வேற எவன் நெலத்த அளந்தீரு?" என்பதுதான். மூன்று வயல் என்றேன். அந்த வாரத்துக்குள் திரும்ப அளந்து முடிக்கச் சொன்னார். அதன் பிறகு தணிந்த குரலில், "மைதானத்த நான் அளந்ததாவே இருக்கட்டும். உமக்கு இன்னும் வேல நெலைக்கல. எனக்குப் போனா காரியதரிசி வேலதான போவும்" என்றார். கடிகாரத்தில் இரண்டு விநாடியைத் திருத்த மறுத்த மனிதர் எனக்காக ஒரு பொய்யைத் தன் பெயரில் எழுதிக்கொண்டார். நான் வேண்டாம் என்று சொல்லவில்லை. எனக்கு அப்போது நிம்மதியாகத்தான் இருந்தது.

மைதானத்தைத் தான் அளந்ததில் பிசகு என்று எழுதிய கடிதத்தோடு திருநெல்வேலிக்கு மூன்று தடவை பஸ் ஏறினார். பட்டியலை முடித்துவிட்டோம் என்று கையை விரித்துவிட்டார்கள். மாவட்டக் கமிட்டிக்கு அவரை எடுப்பதாக இருந்த பேச்சும் அத்தோடு நின்றது. அடுத்த பொதுக்கூட்டத்தில் தப்பு தன்னுடையது என்று சொல்லிக் காரியதரிசிப் பதவியைத் தானே விட்டார். கோடு போடுவதை மட்டும் கடைசிவரை விடவில்லை.

அதற்குப் பிறகு நடந்ததுதான் இதைவிட மோசம். ஒவ்வொரு வருஷமும் ஓட்டப்பந்தயம் தொடங்கும்போது யாராவது ஒருவர், "அண்ணாச்சி, இது சர்க்கார் மைலா, ஒங்க மைலா?" என்று கேட்பார். மைதானமே சிரிக்கும். அவரும் சுண்ணாம்புக் கையோடு சிரிப்பார். பக்கத்தில் நின்று நானும் சிரித்தேன். ஒரு வருஷம் இரண்டு வருஷமல்ல, அவர் நடமாடிய காலம் முழுவதும் சிரித்தேன். வேலை நிரந்தரமான அன்று சொல்லியிருக்கலாம். பதவி உயர்வு வந்த அன்று சொல்லியிருக்கலாம். அவர் படுக்கையில் விழுந்த பிறகாவது சொல்லியிருக்கலாம். ஆறின கஞ்சி பழங்கஞ்சி என்று இருந்துவிட்டேன்.

அன்று சுடுகாட்டுக் காரியம் முடித்துச் சிற்றாற்றில் குளிக்க இறங்கியபோது மாடசாமி எனக்கு நாலு படி தள்ளி நின்றிருந்தார். செங்கோட்டையில் மரக்கடை ஒன்றில் தடி அறுக்கிறார், தலை நரைத்துவிட்டது. பாடைக்கு மூங்கில் கொண்டுவந்தவர் அவர்தான். அவரிடம் சொல்லிவிட்டேன். மைதானத்தை அளந்தது நான், சங்கிலியைக் கல்லில் போட்டுப் பார்க்காமலே பார்த்தாயிற்று என்று பொய் சொன்னவனும் நான் என்றேன்.

அவர் துண்டைப் பிழிவதை நிறுத்தினார். "மறுவாரம் அண்ணாச்சி பண்பொழிக்கு வந்தாவ" என்றார். "வாசல்ல நின்னுக்கிட்டு, நான் அளந்தது தப்புடே, ஒங்கால்ல தப்பில்லன்னாவ. நான் உள்ள வாங்கன்னு சொல்லல, சார். ஒரு வாய் தண்ணி குடுக்கல. மூணு வருசம் தேருக்கு வந்தவுகளப் பாத்துப் பாத்து மூஞ்சியத் திருப்பிக்கிட்டேன்."

துண்டை மறுபடி பிழிந்து தோளில் போட்டார். "இத அவுக இருக்கும்போது சொல்லியிருக்கலாம்லா, சார்?" என்றார். என் முகத்தைப் பார்க்காமல் ஈரத் துண்டோடு படியேறிப் போய்விட்டார்.

அண்ணாச்சி வீட்டம்மா அந்த விசிலை என்னிடம் கொடுத்தார்கள். வாங்கக் கை வரவில்லை. மாடசாமிக்குக் கொடுக்கச் சொல்லிவிட்டேன். அவருடையது என்று நான் வைத்துக்கொள்ள வேறொன்று இருக்கிறது. அது உண்மையில் அவருடையதே அல்ல. எனக்காக இத்தனை வருஷம் அவர் சுமந்துகொண்டிருந்தார், நான்தான் கேட்டு வாங்கவில்லை. அடுத்த போட்டியிலும் உங்களில் யாராவது பழைய ஞாபகத்தில், இது சர்க்கார் மைலா, அண்ணாச்சி மைலா என்று கேட்க வாயெடுப்பீர்கள். தயவுசெய்து என் பெயரைச் சொல்லிக் கேளுங்கள். அந்த நாற்பது அடி என்னுடையது.