‘அழுகை’ என்றொரு ஃபோல்டர்

கல்யாண வீடியோ எடிட்டிங்கில் ஒட்டு வேலை சகஜம். தாலி கட்டுகிற நேரம் பார்த்து யாராவது ஒரு மாமா கேமராவை மறைத்து நிற்பார். வேறு கல்யாணத்து நாதஸ்வரத்தையோ ஆரத்திக் கையையோ அங்கே வைத்து ஒப்பேற்றிவிடுவோம். அதற்கென்றே பெரம்பலூர் ஸ்டூடியோவில் ஃபோல்டர்கள் வைத்திருந்தேன்: கெட்டிமேளம், ஆரத்தி, சிரிப்பு, அழுகை.

போன வருடம் சென்னையிலிருந்து நித்யா என்ற டைரக்டர் வந்தார். கொள்ளிடத்து வெள்ளம் பற்றி டாக்குமெண்டரி எடுக்கிறார். வெள்ளம் வந்தபோது திருமானூர்ப் பக்கம் நான் எடுத்திருந்த ஃபுட்டேஜைப் போட்டுக் காட்டினேன்.

“தண்ணி இருக்கு சார், மனுஷங்க முகமே இல்லையே” என்றார்.

‘அழுகை’யைத் திறந்தேன். வெள்ளத்துக்கு முன்பு, அதே ஆற்றங்கரை ஊரில் நடந்த கல்யாணம். பெண்ணை வண்டி ஏற்றும்போது தாய் செல்லம்மாள் அழுகிற குளோசப். அன்று தூறல், முகமெல்லாம் ஈரம். நித்யா சத்தத்தை எடுத்துவிட்டு, ஆற்று இரைச்சலைப் போட்டு, வெள்ளத்துக்கு அடுத்து வைத்தார். அச்சாகப் பொருந்தியது.

“அவங்க வீட்டுக்குள்ளயும் தண்ணி வந்துச்சுல்ல சார்? அப்ப இது பொய்யில்லையே.”

“எதுக்கும் அவங்கள ஒரு வார்த்த கேட்டுருவோம்மா” என்றேன்.

லேப்டாப்போடு போனோம். செல்லம்மாள் சாணிக் கையைக் கழுவிவிட்டு வந்து உட்கார்ந்தார். வெள்ளக் காட்சியைப் பார்த்தார். தன் முகம் வந்ததும் நிமிர்ந்தார்.

“இது வளர்மதி கல்யாணமாச்சே தம்பி! எம்மவ சத்தம் எங்க?”

வளர்மதி தலைப்பிரசவத்தில் ஒரு மகனைப் பெற்றுக் கொடுத்துவிட்டுப் போய்விட்டாளாம். கல்யாண சிடி, ஆல்பம் எல்லாம் வெள்ளத்தோடு போயிருக்கின்றன. எனக்கு இது எதுவும் தெரியாது.

ஒரிஜினல் துண்டை ஓட்டினேன். கல்யாண சிடியில் அந்த இடத்துக்கு சினிமாப் பாட்டுதான் போட்டிருந்தோம். ஒட்டு வேலைக்கு வைத்திருந்த துண்டில் மட்டும் சொந்தச் சத்தம் அப்படியே இருந்தது. மேளத்துக்கு நடுவே, ஃபிரேமுக்கு வெளியிலிருந்து ஒரு பெண் குரல்: “போயிட்டு வரேம்மா. அழாத.”

செல்லம்மாள் திரும்பத் திரும்பப் போடச் சொன்னார். நித்யா தலையைக் குனிந்துகொண்டார். பிறகு மெல்லக் கேட்டார்: “வெள்ளம் வந்தப்ப அழுதீங்களாம்மா?”

“எங்கேம்மா அழ? மாட்ட அவுத்து வுடவா, மாமனாரத் தூக்கவா? அழ ஏது நேரம்? இது எம்மவளுக்கு அழுதது. இதப் போயி தண்ணிக்குக் குடுத்துராதீங்க.”

அங்கேயே அந்த ஷாட்டைத் தூக்கினார் நித்யா. இப்போது படத்தில் வெள்ளத்தின் மேல் செல்லம்மாளின் குரல் மட்டும் வருகிறது, அவர் சம்மதத்தோடு: “அழ ஏது நேரம்?”

வளர்மதி பேசுகிற அந்தத் துண்டைச் செல்லம்மாளின் பேரன் செல்போனில் ஏற்றிக் கொடுத்தேன். அம்மாவின் குரலை அவன் அன்றுதான் முதன்முதலாகக் கேட்டான்.

இந்தத் தொழிலுக்கு வரும் தம்பிகளே, பழைய ஃபுட்டேஜை எடுத்தால் தேதியைப் பார்க்கும் முன் அதில் இருக்கிற ஆளைக் கேளுங்கள். ‘அழுகை’ என்ற ஃபோல்டர் இப்போது என்னிடம் இல்லை. ஒவ்வொரு துண்டுக்கும் யார், எந்த ஊர், எதற்காக அழுதார் என்று பெயர் வைத்து வருகிறேன். சில முகங்கள் யாரென்றே தெரியவில்லை. அவற்றை யார் கேட்டாலும் கொடுப்பதில்லை.