திங்கட்கிழமையோடு முடியும் சந்தா

பெங்களூர் ஈஜிபுராவில் டென்சிலைத் தெரியாதவர்கள் குறைவு. அவர் சொன்ன நேரத்துக்கு வந்து பார்த்தவர்கள் அதைவிடக் குறைவு. எலெக்ட்ரானிக் சிட்டியில் ஒரு கம்பெனிக்குப் பத்தொன்பது வருஷமாக கேப் ஓட்டுகிறார். வீட்டு வாசலில் பல் தேய்த்துக்கொண்டே போனை எடுத்து, "அஞ்சே நிமிஷம் மேடம், சிக்னல்ல நிக்கறேன்" என்பார். உடனே புளுகுமூட்டை என்று முடிவு கட்டிவிடாதீர்கள். இருபது நிமிஷம் என்று சொன்னால் அந்தப் பெண்ணின் முகம் வாடும். அதை நினைத்துப் பார்க்கக்கூட இவரால் முடியாது. பிறகு போய் நன்றாகத் திட்டு வாங்கிக்கொள்வார், அது பரவாயில்லை. ஐம்பத்தெட்டு வயசுக்குள் அந்த மனுஷர் வாயிலிருந்து ஒரு கெட்ட சேதியை யாரும் கேட்டதில்லை. பக்கத்து வீட்டு கிருஷ்ணப்பாவின் ஸ்கூட்டர் திருடு போனபோதுகூட, "யாரோ அவசரத்துக்கு எடுத்துட்டுப் போயிருக்காங்க அண்ணா, வந்துடும்" என்றவர்.

இப்படிப்பட்டவரைத் தேடிப் பிடித்துத்தான் டாக்டர் அந்தப் புதன்கிழமை ஆஸ்பத்திரி வராந்தாவுக்கு அழைத்துப் போனார்.

டென்சிலின் மனைவி ஜோசஃபினுக்கு இதயத்தில் ஒரு வால்வு பழுது. திங்கட்கிழமை ஆபரேஷன். டாக்டர் கன்னடத்தில், நின்ற வாக்கிலேயே, ஒளிக்காமல் சொன்னார். இதயம் ரொம்பப் பலவீனமாக இருக்கிறது. ஆபரேஷன் செய்யாவிட்டால் ஒரு வருஷம் தாங்காது. செய்தால், மேஜையிலிருந்து எழுந்து வருவாள் என்று உறுதி சொல்ல முடியாது. "ஞாயிற்றுக்கிழமை அட்மிட் ஆகும்போது ஃபார்ம் கொடுப்பார்கள். எல்லாம் அதில் எழுதியிருக்கும். உங்கள் மனைவிதான் கையெழுத்துப் போட வேண்டும்" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார்.

டென்சில் முகத்தைக் கைக்குட்டையால் துடைத்துக்கொண்டு உள்ளே வந்தார்.

"என்னங்க சொன்னாரு?" என்றாள் ஜோசஃபின்.

"ஒண்ணும் இல்ல ஜோசி. சின்ன ரிப்பேர். நம்ம வண்டிக்கு வாஷர் மாத்தற மாரி. அஞ்சு நாள்ல வீட்டுக்கு வந்துடலாம்."

அவள் நம்பினாள். அதுதான் அவரை அதிகமாகப் பயமுறுத்தியது.

ஜோசஃபின் பெங்களூரிலேயே பிறந்தவள். சந்தையில் இறங்கினால் கன்னடத்தில் பேரம் பேசிக் கடைக்காரனை அழவைத்துவிடுவாள். ஆனால் படித்ததெல்லாம் சர்ச் பள்ளியில், தமிழ் மீடியத்தில். கன்னட எழுத்து ஒன்றுகூடத் தெரியாது. வீட்டில் தையல் மெஷின் போட்டு பிளவுஸ் ஆல்ட்டர் பண்ணுகிறவளுக்கு ஐம்பத்து நாலு வயசுவரை அது ஒரு குறையாகப் படவில்லை. இரண்டு மாசத்துக்கு முன்பு ஆஸ்பத்திரியில் கன்னடத்தில் எழுதிய ஒரு சீட்டைக் கொடுத்தார்கள். அதைப் படிக்கத் தெரியாமல், நெஞ்சைப் பிடித்துக்கொண்டு, தப்பான வரிசையில் இரண்டு மணி நேரம் நின்றுவிட்டு வந்தாள். வந்த ஆத்திரத்தில் கன்னடம் சொல்லித்தரும் ஆப் ஒன்றைத் தன் போனில் இறக்கி, ஒரு வருஷச் சந்தாவுக்குச் சேர்ந்தாள். "இனிமே என்ன எழுதியிருக்குன்னு படிக்காம ஒரு பேப்பர்லயும் கையெழுத்துப் போட மாட்டேன், பாருங்க" என்றாள். அன்றிலிருந்து மெஷின்மேல் போனைச் சாய்த்து வைத்துக்கொண்டு, பிளவுஸ் கையைப் பிரித்தபடியே ஒவ்வொரு எழுத்தாகச் சத்தம் போட்டுச் சொல்வாள். சரியாகச் சொன்னால் போன் மணி அடிக்கும். இவளுக்கு முகமெல்லாம் பல்லாகிவிடும்.

வியாழக்கிழமை சாயங்காலம் டீ குடிக்கும்போது சொன்னாள்: "உயிரெழுத்து, மெய்யெழுத்து, காலு, கொம்பு எல்லாம் முடிச்சாச்சுங்க. இனிமே ஒத்து எழுத்துதான். ஒண்ணுக்கு அடியில ஒண்ணு தொங்குமே, அது. அதுமட்டும் வந்துட்டா ஆஸ்பத்திரி பேப்பரை நானே படிச்சிருவேன்."

டென்சிலுக்கு டீ புரையேறியது.

அவருக்கும் கன்னடம் படிக்கத் தெரியாது. நம்பர் பிளேட்டைப் படிப்பார், அவ்வளவுதான். அதனால் அவர் மூளை ஒரு வழியில் ஓடியது. சாவைப் பற்றி எழுத வேண்டுமென்றால் பெரிய பெரிய சிக்கலான எழுத்தாகத்தானே இருக்கும்? அப்படியானால் அந்த ஒத்து எழுத்துப் பாடம் அவளுக்குத் திறக்கவே கூடாது. இதற்குப் பெயர் யோசனை! பயந்தவனுக்கு இதைவிடப் பெரிய யோசனை எங்கிருந்து வரும்?

வெள்ளிக்கிழமை காலை ஜோசஃபின் குளிக்கப் போனதும் அவள் போனை எடுத்தார். முப்பது வருஷத்தில் பெண்டாட்டிக்குத் தெரியாமல் அவள் பொருளைத் தொட்டதில்லை. ஆப்பைத் திறந்து, எங்கெங்கோ அமுக்கி, 'சந்தாவை ரத்து செய்க' என்ற இடத்துக்கு வந்து சேர்ந்தார். காரணம் கேட்டது. விலை அதிகம், நேரம் இல்லை, வேறு ஆப்புக்கு மாறுகிறேன், இனி தேவைப்படாது. 'என் பெண்டாட்டி படித்துவிடுவாள்' என்று ஒரு காரணம் அதில் இல்லை. கடைசியில் இருந்ததை அமுக்கினார். 'பணத்தைத் திரும்பப் பெற விரும்புகிறீர்களா?' என்றது. பணம் திரும்பிவிட்டால் கதவை ஒரேயடியாகச் சாத்திவிடுவார்கள் என்று நினைத்து 'ஆம்' என்றார்.

திரை வெளுத்தது. நடுவில் கொட்டை எழுத்தில் தமிழில் வந்தது:

'ஜோசஃபின், நீங்கள் எங்களை விட்டுப் பிரிவது ஆழ்ந்த வருத்தம் அளிக்கிறது. உங்கள் காலம் திங்கட்கிழமையுடன் நிறைவடைகிறது. இதுவரை எங்களோடு இருந்ததற்கு நன்றி.'

எந்தப் புண்ணியவான் உட்கார்ந்து இதைத் தமிழில் எழுதினானோ, அவன் கையில் கட்டி வர! சுவரில் போட்டோவோடு ஒட்டுகிற போஸ்டரில் வருமே, அதே வார்த்தைகள். கீழே ஒரு மெழுகுவர்த்திதான் இல்லை.

டென்சில் தரையில் உட்கார்ந்துவிட்டார். திங்கட்கிழமை. அதே திங்கட்கிழமை. 'இனி தேவைப்படாது' என்று அமுக்கிய விரல் தன்னுடையதுதானே? ஐயோ, என் கையாலேயே செய்துவிட்டேனே! நெற்றியில் சிலுவை போட்டுக்கொண்டார். திரும்பத் திரும்ப அமுக்கிப் பார்த்தார். திரும்பிப் போக வழியே இல்லை. கீழே ஒரு உதவி எண் இருந்தது. குளியலறையில் தண்ணீர்ச் சத்தம் கேட்டுக்கொண்டிருந்தது. தன் போனிலிருந்து அதை அடித்தார்.

"வணக்கம் சார், சஹானா பேசறேன். என்ன ஹெல்ப் வேணும்?"

"அம்மா, தெரியாம கேன்சல் பண்ணிட்டேம்மா. அதை இல்லேன்னு பண்ணிடுங்க."

நம்பரைக் கேட்டுப் பார்த்துவிட்டு அந்தப் பெண் சொன்னாள்: "ரீஃபண்ட் ரிக்வெஸ்ட் போயிடுச்சு சார். அது முடிய அஞ்சு ஒர்க்கிங் டே ஆகும். அதுவரைக்கும் திரும்ப ஆன் பண்ண முடியாது. புதுப் பாடம் தொறக்காது, பழைய பாடம் மட்டும் மண்டே வரைக்கும் இருக்கும்."

"பணமே வேணாம்மா, நீங்களே வச்சுக்குங்க. அந்த திங்கட்கிழமையை மட்டும் எடுத்துடுங்க."

"எந்த திங்கட்கிழமை சார்?"

"காலம் முடியுதுன்னு போட்டிருக்கீங்களே!"

"அது சிஸ்டம் போடற டேட் சார்."

"செவ்வாய்னு மாத்தக் கூடாதா? புதன்? உங்க கால்ல விழறேன், ஏதோ ஒரு நாள் தள்ளிப் போடுங்கம்மா."

அந்தப் பெண்ணுக்கு ஒன்றும் புரியவில்லை. பாவம், என்ன புரியும்? "சார், அக்கவுண்ட் ஜோசஃபின் மேடம் பேர்ல இருக்கு. அவங்க இருக்காங்களா?" என்று கேட்டாள்.

"இருக்கா!" என்று கத்திவிட்டார் டென்சில். "இருக்காம்மா, உள்ள குளிச்சிட்டு இருக்கா, நல்லா இருக்கா!"

தாழ்ப்பாள் சத்தம் கேட்டது. போனை வைத்துவிட்டார்.

சனிக்கிழமை முழுவதும் ஜோசஃபின் புதுப் பாடத்தைத் தட்டித் தட்டிப் பார்த்தாள். பூட்டுப் படம்தான் வந்தது. "சர்வர் ப்ராப்ளமா இருக்கும் ஜோசி, வந்துடும்" என்றார் டென்சில், அவள் முகத்தைப் பார்க்காமல். அவளும் விடுகிறவளா? பழைய பாடத்தையே முதலிலிருந்து திருப்பிப் படித்தாள். சாயங்காலம் டென்சில் சர்ச்சுக்குப் போனார். முட்டி போட்டார். ஜெபம் வரவில்லை. "நான் அமுக்கினதைக் கணக்குல எடுத்துக்காதேயும் ஆண்டவரே" என்பதையே திருப்பித் திருப்பிச் சொல்லிவிட்டு வந்தார்.

ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம், பெண்கள் வார்டில், நர்ஸ் மமதா ஃபார்மைக் கொண்டுவந்தாள். "நிதானவாகி நோடி அம்மா, ஆமேலே சைன் மாடி" என்று, நிதானமாகப் பார்த்துவிட்டுக் கையெழுத்துப் போடச் சொல்லி, பேனாவையும் கொடுத்துவிட்டு அடுத்த கட்டிலுக்குப் போனாள்.

"குடு ஜோசி, என்ன எழுதியிருக்குன்னு நான் சொல்றேன்" என்று டென்சில் பாய்ந்தார்.

"உங்களுக்கு எங்க படிக்கத் தெரியும்? சும்னே உக்காருங்க" என்று கண்ணாடியை மாட்டினாள்.

அவள் விரல் முதல் வரியில் ஊர்ந்தது. தட்டுத் தடுமாறியது. அடியில் எழுத்து தொங்கிய இடமெல்லாம் உதட்டைப் பிதுக்கிவிட்டுத் தாண்டினாள். இரண்டாவது வரியிலும் அப்படியே. டென்சில் மூச்சைப் பிடித்துக்கொண்டு அந்த விரலையே பார்த்துக்கொண்டிருந்தார். இன்னும் கொஞ்சம், இன்னும் கொஞ்சம், தாண்டிவிடுவாள்.

மூன்றாவது வரியில் விரல் நின்றது.

மூன்றே எழுத்து. கால் இல்லை, கொம்பு இல்லை, அடியில் எதுவும் தொங்கவில்லை. முதல் வாரத்துப் பாடம். மணி அடிக்க அடிக்க அவள் சொல்லிப் பழகிய எழுத்துகள்.

"ம" என்றாள். "ர." கொஞ்சம் நின்று, "ண."

தமிழில் என்னவோ அதேதான் கன்னடத்திலும். டென்சில் தலையைக் குனிந்துகொண்டார்.

ஜோசஃபின் கண்ணாடியைக் கழற்றவில்லை. "டாக்டர் சொன்னாரா?" என்றாள்.

"சொன்னாரு."

"எப்போ?"

"புதன்கெழமை."

"பாடம் தொறக்காம போச்சே?"

"நான்தான் ஜோசி. கேன்சல் பண்ணிட்டேன். நீ படிச்சிட்டா பயந்துடுவேன்னு..." அதற்குமேல் வரவில்லை. அத்தனை பேர் இருக்கிற வார்டில் குலுங்கிக் குலுங்கி அழுதார்.

அவள் திட்டுவாள் என்று எதிர்பார்த்தார். திட்டியிருந்தால் தேவலாம். அவள் அந்தப் பேப்பரை மடியில் வைத்துக்கொண்டு, அந்த மூன்று எழுத்தின்மேல் மறுபடியும் விரலை வைத்தாள்.

"உங்களுக்குப் பயப்படறதுக்கு நாலு நாள் கெடச்சுது" என்றாள். "எனக்கு ஒரே ராத்திரிதான் வச்சிருக்கீங்க."



ஜோசஃபின் கையெழுத்துப் போட்டாள். பேப்பரைக் கட்டிலின் ஓரத்தில் வைத்துவிட்டு, கொஞ்சம் நகர்ந்து இடம் விட்டாள். "கிட்ட வந்து உக்காருங்க. எனக்குப் பயமா இருக்கு. டாக்டர் என்ன சொன்னாரோ அதை ஒண்ணுவிடாம சொல்லுங்க."

டென்சில் அவள் கையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தார். வராந்தாவில் கேட்டதை, எதையும் குறைக்காமல், முதலிலிருந்து சொல்ல ஆரம்பித்தார்.